பிந்தி வந்தவளுக்குச் சாட்சி சொன்ன சின்னையா மாஸ்டர்

சின்னையா மாஸ்டர் போய்விட்டார் என்ற செய்தியை, ராகலையிலிருந்து கோவா, கரட் என்று மலைக்கறி ஏற்றிக்கொண்டு தலவாக்கலைக்கு வந்த ஒரு லொறிக்காரர் கொண்டுவந்தார். காலையில் பெயர் கூப்பிடும் பெரட்டு முடிந்து பெண்கள் தேயிலைக் கூடையோடு மலைக்கு ஏறிப் போன பிறகு, எங்கள் லயத்து வீடுகளுக்குக் கீழே ரோட்டில் லொறி நின்றது. நான் வாசலில் சாக்கு உதறிக்கொண்டிருந்தேன்.

"பேச்சியம்மா ஆயா நீங்கதானுங்களா? மாஸ்டர் சம்சாரம் சொல்லி அனுப்பினாங்க. ராத்திரி தூக்கத்துலயே போயிட்டாராம். இன்னைக்கே எடுக்குறாங்க. உங்களுக்குக் கட்டாயம் சொல்லணும்னு ரெண்டு தடவ சொன்னாங்க."

"இழுத்துக்கிட்டுக் கெடந்தாரா?" என்று கேட்டேன்.

"இல்லீங்க. விடியக் காப்பித்தண்ணி கொண்டு போனா, ஆள் இல்ல."

எனக்கு முதலில் அழுகை வரவில்லை. அப்பாடா என்றுதான் மூச்சு வந்தது. படுக்கையில் கிடந்து நாறிப் போகவில்லை. மகள் கையை எதிர்பார்த்து வருஷக்கணக்கில் இருக்கவில்லை. கொஞ்ச காலமாக எல்லோரையும் போல அவரும், கப்பல் ஏற்றி அனுப்பிவிடுவார்களோ, பார்த்தே இராத இந்தியச் சீமையில் போய்ச் சாக வேண்டுமோ என்று பயந்துகொண்டிருந்தார். அந்தப் பயமும் தீர்ந்தது. பிறந்த மலையிலேயே கண்ணை மூடினார். சாக்கைக் கீழே போட்டுவிட்டுப் புடவை மாற்றிக்கொண்டு பஸ்ஸுக்கு ஓடினேன்.

அவரிடம் படித்த பிள்ளைகள் சேர்ந்து இந்த நினைவு மலரை அச்சுப் போடுகிறீர்கள். என்னையும் எழுதச் சொன்னீர்கள். நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். ஆனால் எதையும் மறக்கிறவள் இல்லை. மற்றவர்கள் எல்லோரும் மாஸ்டர் நல்லவர், பொறுமைசாலி, கணக்கில் கெட்டிக்காரர் என்று எழுதியிருப்பீர்கள். இருக்கட்டும். நான் எழுதுவது, என் வேலை போவதற்குக் காரணமாக இருந்த சின்னையா மாஸ்டரைப் பற்றி. அந்த மாஸ்டரையும் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

சுதந்திரம் கிடைத்துச் சில வருஷங்கள் ஆகியிருந்தன. என் வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்த பிறகு பள்ளிக்கூடத்து ஆயா வேலை எனக்குக் கிடைத்திருந்தது. கூட்டுவது, மலை ஊற்றுப் பீலியிலிருந்து தண்ணீர் கொண்டுவருவது, பால்மா கரைத்துப் பிள்ளைகளுக்குப் பாலும் பணிஸ் ரொட்டியும் கொடுப்பது. தகரக் கூரை போட்ட ஒரே மண்டபம். அதில் எல்லா வகுப்புக்கும் மாஸ்டர் ஒருவர்தான். ஒரு வகுப்பு வாய்ப்பாடு சொல்லும், இன்னொன்று பாட்டுப் படிக்கும், இரண்டுக்கும் நடுவில் அவர் பிரம்போடு நடப்பார். அடித்து நான் அதிகம் பார்த்ததில்லை. அது உண்மை. உண்மையைச் சொல்லிவிடுகிறேன்.

ஆனால் வெள்ளிக்கிழமைகளில் பெரிய வகுப்புப் பிள்ளைகளை விறகு தூக்க விடுவார். கவ்வாத்து மலையில் வெட்டிப் போட்ட சவுக்குக் கிளைகளைச் சுமந்துகொண்டு, மேட்டில் இருக்கும் அவருடைய குவாட்டர்சுக்கு ஏற வேண்டும். ஒருநாள் நல்ல மழை. தலையில் சாக்கைப் போட்டுக்கொண்டு பிள்ளைகள் சறுக்கிச் சறுக்கி ஏறுகின்றன. ஒரு பெண்பிள்ளை விழுந்து முழங்கால் கிழிந்துவிட்டது. நான் பால் வாளியோடு பாதையில் குறுக்கே போய் நின்றேன்.

"கீழ போடுங்க அத்தனையும். படிக்க வந்தீங்களா, பாரம் தூக்க வந்தீங்களா? தூக்குறதுக்குத்தான் காலம் பூரா கெடக்கே."

மாஸ்டர் விறாந்தையில் நின்று பார்த்தார். "பேச்சி, இது பள்ளிக்கூடம். ஒன் லயம் இல்ல."

"பள்ளிக்கூடம்னு ஞாபகம் இருக்குங்களா மாஸ்டர்?" என்றேன்.

பிள்ளைகள் சிரித்துவிட்டன. நான் சொன்னதைக்கூட அவர் பொறுத்திருப்பார். அந்தச் சிரிப்பைத்தான் அவரால் பொறுக்க முடியவில்லை. அன்றைக்கே தோட்டத்து ஆபீசுக்கு எழுதிப் போட்டார். பள்ளிக்கூடத்துக்கு மனேஜர் தோட்டத்துத் துரைதான், ஆனால் துரை பெயரில் எல்லாம் செய்கிறவர் பெரிய கிளாக்கர். அந்தக் கிளாக்கரின் பெயரை என் வாயால் சொல்வதில்லை என்று அப்போதே முடிவு செய்தேன். இங்கேயும் எழுதப்போவதில்லை. அவருக்கு என்மேல் ஏற்கெனவே ஆத்திரம். பால்மா டின் ஒன்றை அவர் வீட்டுக்குக் கேட்டு ஆள் அனுப்பினபோது நான் கொடுக்கவில்லை. மாஸ்டர் எழுதியது அவருக்குப் பழம் நழுவிப் பாலில் விழுந்த மாதிரி ஆகிவிட்டது.

இனி காமன் கம்பத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். தோட்டத்தில் பிறந்தவர்களுக்குத் தெரியும். டவுனுக்குப் போய்விட்ட பிள்ளைகள் மறந்திருப்பீர்கள். மாசி மாதம் பிறை கண்டதும் கம்பம் ஊன்றினால், பௌர்ணமிக்குக் காமனைச் சிவன் எரித்து, மூன்றாம் நாள் எழுப்பும் வரை கூத்துத்தான். கூத்துக்காரர்களுக்கு மஞ்சள் நூலில் காப்புக் கட்டுவார்கள். காப்புக் கட்டியவர் தோட்டத்து எல்லையைத் தாண்டக் கூடாது, சாவு விழுந்த கேத வீட்டு வாசலை மிதிக்கக் கூடாது. எங்கள் தோட்டத்தில் இன்னொரு வழக்கமும் உண்டு. ரதி வேஷம் கட்டுகிறவன் வீட்டுப் பெண்தான் பொழுது சாயும் நேரம் கம்பத்தடியில் விளக்கேற்ற வேண்டும். அவளுக்கும் காப்பு உண்டு. அந்த வருஷம் ரதி என் மகன் ராமையா. மருமகள் நிறைமாதம். ஆகவே, தாலி இல்லாதவள் என்று பார்க்காமல், காப்பு என் கையில் ஏறியது. கூத்துக்குப் பாட்டெடுக்கும் அண்ணாவியார் வேறு யாருமில்லை, சின்னையா மாஸ்டர்தான். பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு சொல்லும் அதே குரல் கம்பத்தடியில் ஆளையே உருக்கிவிடும். அவர் கையிலும் அதே நூல்.

கம்பம் ஊன்றிய மறுநாள் காலையில், நான் பால் கலக்கிக்கொண்டிருந்தபோது மாஸ்டர் குசினி வாசலில் வந்து நின்றார். கையில் ஒரு கடுதாசி.

"கிளாக்கர் இன்னைக்கே குடுக்கச் சொன்னாரு" என்று சொல்லி வாசித்துக் காட்டினார். வேலையிலிருந்து நிறுத்தியாயிற்று. முறையிடுவதென்றால் இரண்டு வாரத்துக்குள் நுவரெலியாவில் கல்வி இலாகாக் கந்தோருக்கு முறையிட வேண்டும். நான் கலக்கின பாலைப் பிள்ளைகளுக்கு ஊற்றிக் கொடுத்துவிட்டு, கரண்டியைக் கழுவி வைத்துவிட்டுத்தான் வெளியே வந்தேன்.

அன்று மத்தியானமே கிளாக்கர் ராமையாவைக் கூப்பிட்டுச் சொன்னார். தாய்க்கு வேலையை விட்டு அனுப்பும் பற்றுச்சீட்டு என்றால் குடும்பத்துக்கே பற்றுச்சீட்டுத்தான். முறையீடு போட்டால் அது முடியும் வரை நாங்கள் இருக்கும் லயத்துக் காம்பராவைக் கேட்க மாட்டார்களாம். போடாவிட்டாலோ, தள்ளுபடி ஆனாலோ, மாதக் கடைசியில் சட்டி பானையை வெளியே வைக்க வேண்டும். மருமகள் சுவரைப் பிடித்துக்கொண்டு, "பிள்ளைய ரோட்டுலயா அத்தை பெத்துப் போடுறது?" என்று கேட்டாள். 

நீங்கள் கேட்கலாம், தபாலில் போட்டிருக்கக் கூடாதா என்று. தோட்டத்துத் தபால் பை கிளாக்கர் மேசையைத் தாண்டித்தான் வெளியே போகும். வேறு ஆளிடம் கொடுத்து அனுப்பியிருக்கலாமே என்றால், பெட்டிசம், அதாவது மனு, எழுதுகிறவர் தலவாக்கலைக் கடைவீதியில் இருக்கிறார். நடந்ததை நான் சொன்னால்தான் அவர் எழுத முடியும், நான் கையெழுத்துப் போட வேண்டும். இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். நாங்கள் எல்லோரும் சேர்ந்து ஒரு தப்புக் கணக்குப் போட்டோம். காமனுக்குத் துரையே அரை நாள் வேலை விடுகிறார். வெள்ளைக்காரத் துரை விடும்போது, நம்முடைய ஆட்கள் இருக்கும் கல்விக் கந்தோர் விடாதா? காமன் எரிந்து எழும்பட்டும், பிறகு நாள் எண்ணிக்கொள்ளலாம் என்று லயத்தில் பெரியவர்கள் சொன்னார்கள். நானும் தலையாட்டினேன். காமனுக்காகச் சட்டம் நிற்கும் என்று நினைத்தவர்கள் உலகத்தில் நாங்கள் மட்டும்தான் இருப்போம்.

அந்த இரண்டு வாரமும் நானும் மாஸ்டரும் தினமும் ஒரே கம்பத்தடியில் நின்றோம். நான் விளக்கேற்றி வைப்பேன், அவர் பாட்டெடுப்பார். முகம் பார்த்துக்கொள்வதில்லை. ஒருநாள் ரதி புலம்பலில் அவருடைய குரல் உடைந்து, அடி பிடிக்க முடியாமல் தப்பு மேளம் அடிக்கிறவர்கள் நிறுத்திவிட்டார்கள். தொண்டை கட்டிப்போச்சா, நல்லா வேணும் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டேன். அவர் ஒரு மிடறு தண்ணீர் குடித்துவிட்டு மறுபடியும் முதலிலிருந்து எடுத்தார்.

காமனை எழுப்பிக் காப்பைக் கழற்றிய அன்றே தலவாக்கலைக்கு ஓடினேன். பெட்டிசம் எழுதும் முஸ்லிம் நானா, துணிக்கடை வாசலில் சின்ன மேசை போட்டு உட்கார்ந்திருப்பவர். கடுதாசியைப் படித்துவிட்டு மூக்குக்கண்ணாடியை நெற்றியில் ஏற்றினார்.

"நாள் போயிருச்சே தங்கச்சி. இப்ப கொண்டு வந்து நீட்டுறீங்க?"

"காமன் முடியாம எப்படி நானா வர்றது?"

"அது சரி. பிந்தினதுக்குக் காரணம் போடணுமே. வருத்தம் காய்ச்சல்னு போடவா? டாக்குத்தர் துண்டு ஒண்ணு எடுத்துக்கலாம். எல்லாரும் அப்படித்தான்."

"வருத்தம் ஒண்ணும் இல்ல. நல்லாத்தான் இருந்தேன். காமன்னே போடுங்க."

"ரெண்டு வாரமா காமன் இவங்கள விடலைன்னா? படிக்கிறவர் என்ன நினைப்பாரு?" என்று சிரித்தார். ஆனாலும் போட்டார். பிந்தியதை மன்னித்து முறையீட்டை ஏற்க வேண்டும் என்று அடியில் ஒரு வரியும் சேர்த்தார். காசு வாங்கவில்லை. "மொதல்ல எடுக்குறாங்களான்னு பாப்போம்" என்றார்.

விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். நுவரெலியாக் கந்தோரில் நீளமான மேசைக்கு அந்தப் பக்கம் ஓர் ஐயா இருந்தார். யாழ்ப்பாணத்து மனிதர், கழுத்தில் மப்ளர். ஒரு பக்கம் பெரிய கிளாக்கரும் மாஸ்டரும். மறு பக்கம் நான் மட்டும்.

கிளாக்கர் எழுந்தார். "சார், இதுல பேசுறதுக்கு ஒண்ணுமே இல்ல. ரெண்டு வாரம்னு தெளிவாப் போட்டிருக்கு. தாண்டிருச்சு. அவ்வளவுதான்."

ஐயா என்னைப் பார்த்தார். "ஏனம்மா பிந்தினது?"

"காமன் கம்பம் ஊண்டியிருந்தாங்க ஐயா. வெளக்கு வைக்கிறவ நான். காப்புக் கட்டியிருந்துச்சு, எல்லை தாண்டக் கூடாதுங்க."

"காமன் எண்டது ஆர்? அவர் உங்கட தோட்டத்து ஆளோ?"

கிளாக்கர் வாய்விட்டுச் சிரித்தார். "கூத்து சார். ஆம்பளைங்க பொம்பள வேஷம் கட்டிக்கிட்டு ஆடுறது. இதுக்கெல்லாம் சட்டம் நின்னா, தீபாவளிக்கு ஒண்ணு, தேருக்கு ஒண்ணுன்னு கேப்பாங்க."

ஐயா சிரிக்கவில்லை. "தாண்டினால் என்ன நடக்கும்?" என்று என்னைக் கேட்டார்.

"என்ன நடக்கும்னு பாக்க இதுவரைக்கும் யாரும் தாண்டினதில்லீங்க."

அவர் பேனாவை எடுத்து எதையோ எழுதினார். கிளாக்கர் விடவில்லை. "பகல்ல தலவாக்கலைக்குப் போயி சாமான் வாங்கிட்டுத்தான் வந்திருப்பா சார். பெட்டிசத்துக்கு மட்டும் காப்பாக்கும்! மாஸ்டரையே கேளுங்க. கடுதாசி குடுத்தவரும் அவருதான்."

மாஸ்டர் எழுந்தார். வேட்டிக்கு மேலே அந்தக் கறுப்புக் கோட்டு. என் வேலையும் காம்பராவும் இவர் வாயில் இருக்கின்றன என்று நினைத்துக்கொண்டேன். பிள்ளைகள் சிரித்த அன்றைக்கு அவர் முகம் இருந்த இருப்புத்தான் கண்ணுக்குள் நின்றது.

"கடுதாசியை எப்ப குடுத்தனீங்கள்?"

"கம்பம் ஊண்டின மறுநாள் காலையில. குசினி வாசல்ல வச்சு, என் கையால."

"இரண்டு வாரம் எண்டதை விளங்கப்படுத்தினீங்களோ?"

"வாசிச்சே காட்டினேனுங்க."

கிளாக்கர் கால்மேல் கால் போட்டுக்கொண்டார். ஐயா எழுதத் தொடங்கினார். போயிற்று, முடிந்தது என்று முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டேன். ஆனால் மாஸ்டர் உட்காரவில்லை.

"ஐயா, நீங்க இன்னொண்ணும் கேக்கணுமுங்க."

"என்ன?"

"அவ தோட்டத்தத் தாண்டினாளான்னு."

கிளாக்கர் திரும்பிப் பார்த்தார். ஐயா பேனாவை வைத்துவிட்டு, "சரி, கேக்கிறன். தாண்டினவவோ?" என்றார்.

"இல்லீங்க. பொழுது சாய அவ வெளக்கேத்தின பொறகுதான் நான் பாட்டெடுப்பேன். ஒருநாளும் தவறல."

"பகலிலை போய் வந்திருக்கலாம்தானே?"

 மாஸ்டர், வகுப்பில் பேசுகிற குரல் இல்லாமல் வேறு ஒரு குரலில் சொன்னார்.

"எனக்கும் அதே காப்புத்தானுங்க. நல்லதண்ணித் தோட்டத்துல எங்க அக்கா செத்துப்போச்சு. அந்த ரெண்டு வாரத்துக்குள்ளதான். அம்மா இல்லாத என்னையத் தூக்கி வளத்தவ. பகல்ல போயி மொகத்தப் பாத்துட்டுப் பொழுதுக்குள்ள திரும்பியிருக்கலாம். நான் போகல. பாட்டெடுத்துக்கிட்டு இங்கயே நின்னேன். அக்கா கேதத்துக்கே எல்லை தாண்டாத நான், இவ பெட்டிசத்துக்குத் தாண்டியிருக்கணும்னு எப்படிங்க சொல்லுவேன்?"

அந்தப் புலம்பலில் குரல் உடைந்தது ஏன் என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. தோட்டத்தில் யாருக்குமே அவர் சொல்லியிருக்கவில்லை.

கிளாக்கருக்கு முகம் சிவந்துவிட்டது. "மாஸ்டர், நீங்க யாரு பக்கம்?"

"ஒங்க பக்கந்தான் கிளாக்கர். பிள்ளைங்க முன்னால என்னைய அப்படிப் பேசினது தப்பு. அத இப்பவும் சொல்லுவேன். நானும் சொல்லுறேன், அவளும் சொல்லட்டும், ஐயா கேட்டு முடிவு சொல்லட்டும். அவ வாயத் தொறக்காமலே நான் ஜெயிக்கிறதுல என்ன இருக்கு?"

இந்தச் சொல்லை நான் அட்சரம் பிசகாமல் வைத்திருக்கிறேன். மாஸ்டர் எத்தனையோ நல்ல வார்த்தை சொல்லியிருப்பார், மற்றவர்கள் எழுதட்டும். என்னுடையது இது.

ஐயா மப்ளரைத் தளர்த்திக்கொண்டார். "பிந்தினதுக்குக் காரணம் சரியாய்த்தான் கிடக்கு. பிந்தினதை மன்னிச்சு முறையீட்டை எடுக்கிறன். இனி அந்த விறகுக் கதையைச் சொல்லுங்கோ" என்றார்.  கேட்காமலே பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். மருமகளின் வயிறும், காம்பராவின் மண் அடுப்பும் கண்முன் வந்து போயின. வேலை கிடைத்ததா இல்லையா என்பது அப்போது தெரியாது. ஆனாலும் அன்றைக்கு நான் மூச்சு விட்டது அந்த இடத்தில்தான். இனி என்ன நடந்தாலும், நான் சொல்வதை ஒரு மனிதர் கேட்ட பிறகுதான் நடக்கும்.

விறகுக் கதையில் நாங்கள் இருவரும் நன்றாகச் சண்டை போட்டோம். பிள்ளையின் முழங்கால் கிழிந்ததை நான் சொன்னேன். குவாட்டர்சில் சம்சாரத்துக்குக் குளிர்காய்ச்சல் என்றும், வேறு ஆள் வைக்க வழியில்லை என்றும் அவர் சொன்னார். "அதுக்கு எங்க பிள்ளைங்கதான் கெடச்சுதா?" என்றேன். "அவங்க எம் பிள்ளைங்களுந்தான்" என்றார். "அப்ப மழையில நனைய விடுவீங்களா?" என்றேன். ஐயா இரண்டு கையையும் உயர்த்தி நிறுத்தினார். கொஞ்ச நாளில் முடிவு வந்தது. நான் வேலைக்குத் திரும்பலாம், பிள்ளைகள் முன்னால் வாயைக் குறைக்க வேண்டும். பிள்ளைகள் இனி விறகு தூக்கக் கூடாது. என் பேத்தி அந்தக் காம்பராவில், அந்த அடுப்புப் பக்கத்தில்தான் பிறந்தாள். இந்த எழுத்தில் எழுத்துப்பிழை பார்த்துத் தருகிறவளும் அவள்தான்.

விசாரணை அன்றைக்குத் திரும்பி வரும் பஸ்ஸில் எங்களுக்கு ஒரே சீட்டுத்தான் கிடைத்தது. கிளாக்கர் முன்னால் போய் உட்கார்ந்துவிட்டார். பாதி வழி வந்தாயிற்று. கடைசியில் நான்தான் கேட்டேன்.

"கம்பம் ஊண்டின மறுநாள் கடுதாசி குடுத்தீங்களே, எனக்குக் காப்புன்னு அப்பத் தெரியாதுங்களா?"

"கையில குடுக்கையில தோணல. அன்னைக்குப் பொழுது சாய நீ வெளக்கோட வந்து நின்னப்பத்தான் ஒறைச்சுச்சு."

"அப்பவே ஆபீசுல சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருக்கலாம்" என்றார்.  ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அந்த 'சொல்லியிருக்கலாம்' என்பதை நான் இன்னும் மன்னிக்கவில்லை. எழுதும்போதே கோபம் வருகிறது. நிறைமாதக்காரி இரண்டு வாரம் தூங்காமல் கிடந்தாள்.

அதன் பிறகு ஒரே பள்ளிக்கூடத்தில் வருஷக்கணக்கில் வேலை செய்தோம். முதல் வருஷம் அவர் என்னோடு நேரில் பேச மாட்டார். கரும்பலகையைப் பார்த்து, "பால் ஆறுது போல இருக்கு" என்பார். நானும் பால் வாளியைப் பார்த்து, "மணியடிச்சா தானா வரும்" என்பேன். பிள்ளைகளுக்கு இது பெரிய வேடிக்கை. வெள்ளிக்கிழமைகளில் அவரே கோட்டைக் கழற்றி வைத்துவிட்டு, சவுக்குக் கிளையைத் தோளில் போட்டுக்கொண்டு மேட்டில் ஏறுவார். ஒருநாள் நான் பின்னால் போய் ஒரு கட்டைத் தூக்கிக்கொண்டேன். "ஒனக்கு யார் சொன்னது?" என்றார். திரும்பிப் பார்க்காமலே சொன்னார். அன்றிலிருந்து கரும்பலகையோடு பேசுவதை விட்டுவிட்டார்.

வேலையில் ஓய்வு பெற்று ராகலையில் மகள் வீட்டோடு போய்விட்டார். அவர் போவதற்குக் கொஞ்ச நாள் முன்னால் மலைக்கறி லொறியில் ஏறிப் போய் அவரைப் பார்த்துவிட்டு வந்தேன். கம்பளியைப் போர்த்திக்கொண்டு அடுப்பங்கரையில் உட்கார்ந்திருந்தார்.

"பேச்சியா? இன்னும் கோபமா இருக்கியா?"

"ஆமாங்க மாஸ்டர்."

"அப்பாடா" என்று சிரித்தார். "ஒனக்கு மறதி வந்திருச்சோன்னு பயந்துட்டேன்." பிறகு, அவர் சம்சாரம் ராசம்மா கொடுத்த தேத்தண்ணியைக் குடித்துக்கொண்டே, அன்றைய விறகுச் சண்டையை இரண்டு பேரும் மறுபடியும் முதலிலிருந்து போட்டோம். அந்தத் தடவையும் நான்தான் ஜெயித்தேன்.

செய்தி கேட்டு நான் ஏறிய பஸ், நுவரெலியாவுக்கு இந்தப் பக்கம் மேடு ஏற முடியாமல் நின்றுவிட்டது. இன்னொரு பஸ் வரக் காத்திருந்து, ராகலையில் இறங்கும்போது வெயில் மலை உச்சிக்குப் போய்விட்டது. மயானத்துக்குப் பெண்கள் போவதில்லை, வாசலோடு சரி. பாடை தெருவில் இறங்கிவிட்டால் முகம் பார்க்க முடியாது. தப்புச் சத்தம் கேட்டால் எடுத்துவிட்டார்கள் என்று அர்த்தம். காதைத் தீட்டிக்கொண்டே ஓடினேன். சத்தம் இல்லை. வாசல் நிறைய ஆட்கள். பாடை கீழேயே இருந்தது. ஊர்ப் பெரியவர் ஒருவர் சத்தம் போட்டுக்கொண்டிருந்தார்.

"பொழுது எறங்குதும்மா. இனியும் பொறுக்க முடியாது. பிந்தினவங்க பிந்தினவங்கதான்."

ராசம்மா பாடையின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தார். எழுந்திருக்கவே இல்லை. "கேதத்துக்குப் போக முடியாம நிக்கிறது எப்படியிருக்கும்னு இவருக்குத் தெரியும். பேச்சி வருவா. ஏன் பிந்துச்சுன்னு கேட்டுட்டுத் தூக்குங்க."

"பஸ்ஸு நின்னுபோச்சுங்க" என்று கூட்டத்துக்குப் பின்னாலிருந்தே கத்தினேன். எல்லோரும் வழிவிட்டார்கள். அவருடைய முகத்தைப் பார்த்தேன். நெற்றியில் திருநீறு, கறுப்புக் கோட்டு. கம்பத்தடியில் பாட்டு முடித்துவிட்டுக் கண்ணை மூடி நிற்பாரே, அப்படித்தான் இருந்தது. ஒரு வாய் அழுதேன். பிறகு தப்பு முழங்கியது.

அவரிடமிருந்து நான் வைத்திருப்பது அதிகமில்லை. பஸ்ஸில் சொன்ன 'சொல்லியிருக்கலாம்' இருக்கிறது, அதன்மேல் உள்ள கோபம் இருக்கிறது, அதை விடப்போவதில்லை. கந்தோரில் உட்காராமல் நின்றாரே, அந்த நிற்பும் இருக்கிறது. கோயில் சோற்றுக்குப் பிந்தி வருகிறவள், பெரட்டுக்குப் பிந்தி ஓடுகிறவள், கலியாணம் முடிந்து மொய்யோடு வருகிறவன், யாராக இருந்தாலும் முதலில் ஏன் பிந்தியது என்று கேட்கிறேன். கேட்டு முடித்த பிறகுதான் திட்டுகிறேன்.